மீசைக்காரர் மறக்கவில்லை

செருப்பை மாட்டிக்கொண்டே சொன்ன சொல் அது. வாய் தவறி வந்துவிட்டது என்று பிறகு சாக்குச் சொல்லக்கூட அவளுக்கு வழியில்லை. நாக்கு நுனியில் வைத்து வெகுநேரம் புரட்டிவிட்டுத்தான் சொன்னாள்.

“நீங்க நடிகரே இல்லப்பா. மத்தவங்க வசனத்தை மறந்தா எடுத்துக் கொடுக்கிற ஆளு. அவ்வளவுதான்.”

அப்பா குனிந்து ஷூ நாடாவைக் கட்டினார். கட்டியதை அவிழ்த்து மறுபடி கட்டினார். அம்மா பின்பக்கம் துணி உலர்த்திக்கொண்டிருந்ததால் அவள் காதில் இது விழவில்லை.

இந்தக் கோபம் எங்கிருந்து வந்தது என்று சென்ற வாரம் படித்தவர்களுக்குத் தெரியும். படிக்காதவர்கள் தலையைச் சொறிய வேண்டாம், சுருக்கமாகச் சொல்லிவிடலாம்.

ஊருக்கு டெலிவிஷன் வந்த முதல் வருஷத்திலிருந்தே அப்பா அதில் நடிக்கிறார். டாக்டராக வந்து நாடி பார்ப்பார். தபால்காரராக வந்து தந்தி கொடுப்பார். பெரும்பாலும் பக்கத்து வீட்டுக்காரராக வந்து, “என்ன சத்தம் இங்கே?” என்று கேட்டுவிட்டுப் போவார். அதனால் நிலையத்திலும் சரி, தெருவிலும் சரி, அவருக்குப் பக்கத்து வீட்டுக்காரர் என்றே பெயர் நிலைத்துவிட்டது. “எங்கள் எதிர் வீட்டுக்காரர்தான் பக்கத்து வீட்டுக்காரர்” என்று தெருவாசிகள் விருந்தாளிகளிடம் அறிமுகம் செய்து குழப்புவார்கள்.

அவர் போட்ட எந்த வேஷத்துக்கும் பெயர் இருந்ததில்லை. இப்போதுதான் முதல் தடவையாக, அடுத்து வரப்போகும் வாராந்தர நாடகத்தில் கதாநாயகனின் அண்ணன் வேஷம் தருவதாக டைரக்டர் சொல்லியிருந்தார். வேஷத்துக்குப் பெயர் உண்டு. உட்கார நாற்காலி உண்டு. வாரா வாரம் உண்டு. அப்பாவுக்குத் தரையில் கால் பாவவில்லை. முடிவெட்டுகிறவரிலிருந்து கீழ் வீட்டுத் தையல்காரர் வரை சொல்லி முடித்துவிட்டார்.

மகளும் அதே நிலையத்தில்தான் இருக்கிறாள். கேமராவுக்குக் கீழே வசனத் தாளோடு உட்கார்ந்து, படப்பிடிப்புத் தளத்தில் டைரக்டரின் கையாக ஓடியாடுகிற உதவியாளர் வேலை. இன்னும் நிரந்தரமாகவில்லை. ‘அப்பா சிபாரிசுல வந்தவதானே’ என்று டைப்பிஸ்ட் அவள் காதுபடச் சொன்னது போன வாரம். அந்தப் புண்ணில்தான் இன்று காலை அப்பா அன்பாகக் கை வைத்தார்.

“டைரக்டர்கிட்ட உன்னைப் பத்தி ஒரு வார்த்தை போட்டு வைக்கிறேம்மா.”

அதற்குத்தான் அந்தப் பதில். இருவரும் ஒரே பஸ்ஸில் போனார்கள். ஒரே இருக்கையில் உட்காரவில்லை.

*

அவள் சொன்னதில் பொய் இல்லை என்பதுதான் அவளை இன்னும் உறுத்தியது.

அந்த நாளில் நாடகத்தை முன்கூட்டிப் பதிவு செய்கிற வசதி எல்லாம் நிலையத்துக்கு வரவில்லை. இங்கே நடிக்க நடிக்க அங்கே வீடுகளில் தெரியும். தும்மினால் ஊரே கேட்கும். அட்டைச் சுவர் ஆடினால் ஊரே பார்க்கும். ஒருமுறை கதாநாயகன் இழுத்த இழுப்பில் கதவின் கைப்பிடி கையோடு வந்துவிட்டது. மனிதர் அதைப் பிடித்துக்கொண்டு சிலையாக நிற்க, அப்பா ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி, “தச்சரை வரச் சொல்லிருக்கேண்ணே, அதுவரைக்கும் இப்படி வாங்க” என்றார். அது நாடகத்திலேயே உள்ளது என்று ஜனங்கள் சிரித்தார்கள்.

அந்தக் கதாநாயகனுக்கு நிலையத்தில் மீசைக்காரர் என்று பெயர். மீசை சொந்த மீசை. குரல் வெண்கலம். ஞாபகம்தான் ஓட்டைப் பாத்திரம். நாடகத்துக்கு ஒரு தடவையாவது வசனம் மறந்துவிடும். மறந்ததும் கை மீசைக்குப் போகும். அதுதான் அடையாளம் என்று அப்பாவுக்கும் அவருக்கும் பேசாமலே ஏற்பட்ட ஏற்பாடு. கை மீசையைத் தொட்டதும் அப்பா ஓர் அடி முன்னால் வருவார்.

“அண்ணே, நீங்க என்ன சொல்ல வர்றீங்கன்னு எனக்குப் புரியுது” என்று ஆரம்பித்து, மீசைக்காரரின் வசனத்தை அவர் சார்பில் தானே சொல்லிவிடுவார். தன் வசனத்தை மட்டுமல்ல, எல்லோருடைய வசனத்தையும் அப்பா மனப்பாடம் செய்வது இதற்காகத்தான். வீட்டில் அம்மா தாளை வைத்துக்கொண்டு ஒவ்வொருவராகப் பேசிக் காட்டுவாள். சமையலறையில் ஒரு நாடகக் கம்பெனியே நடக்கும். இத்தனை வருஷத்தில் அப்பா ஒரு சொல் பிசகியதில்லை. டைரக்டர் அவரை விடாமல் கூப்பிடுவதற்குக் காரணம் நடிப்பு அல்ல, அந்தப் பிசகாத தலைதான். அது அப்பாவுக்கும் தெரியும்.

இன்றைய நாடகத்தில் கடைசிக் காட்சி இது. தகப்பன் பேச்சை மீறி மகன் வீட்டை விட்டுப் போகிறான். மகன் பெட்டியோடு வாசலில் நிற்கிறான். தகப்பனாக வரும் மீசைக்காரர், “போ. இந்த வாசலை இனி மிதிக்காதே” என்று சொல்ல வேண்டும். மகன் போய்விடுவான். பக்கத்து வீட்டுக்காரரான அப்பா கதவோரம் சும்மா நிற்க வேண்டும். அந்த இடத்தில் அவருக்கு வசனம் கிடையாது.

மத்தியானம் ஒத்திகை முடிந்தபோது டைரக்டருக்கு வேறு யோசனை வந்தது. மகளைக் கூப்பிட்டார்.

“அந்த வசனம் வேண்டாம். அவர் பேசவே கூடாது. ரெண்டாவது கேமரா மெதுவா அவர் முகத்துக்குப் போகட்டும். அவர் பையனைப் பார்க்கட்டும். பையன் போயிடட்டும். அவர்கிட்ட நானே பேசிட்டேன். நீ மத்தவங்க எல்லார்கிட்டயும் சொல்லிடு. ஒருத்தரையும் விட்டுடாதே.”

“சரி சார்.”

இரண்டு கேமராக்காரர்களிடமும் சொன்னாள். ஏணி மேல் நின்ற விளக்குக்காரரை அண்ணாந்து பார்த்துச் சொன்னாள். ஒலி பார்க்கிறவரிடம் சொன்னாள். மகனாக நடிக்கிறவர் பகலில் பாங்கில் வேலை பார்க்கும் புது ஆள். அவரிடம் இரண்டு தடவை சொன்னாள்.

மிச்சம் அப்பா.

ஒப்பனை அறையில் அவர் நாற்காலியில் கண்ணை மூடிச் சாய்ந்திருந்தார். ஒப்பனைக்கார அக்கா அவர் காதோர முடிக்கு வெள்ளை அடித்துக்கொண்டிருந்தாள். மகள் வாசலிலேயே நின்றாள். அப்பா கண்ணைத் திறந்து கண்ணாடியில் அவளைப் பார்த்தார். ஏதோ சொல்லத்தான் வந்திருக்கிறாள் என்று அந்த முகம் காத்திருந்தது.

காலையில் பேசியதற்கு மன்னிப்புக் கேட்க வந்திருக்கிறேன் என்று நினைக்கிறார் என அவளுக்குத் தோன்றியது. கேட்கத்தான் வேண்டும். ஆனால் இங்கே, அக்கா முன்னால், கழுத்தில் துண்டோடு உட்கார்ந்திருக்கிற மனுஷரிடம் எப்படிக் கேட்பது. வீம்பு ஒரு பக்கம் இழுத்தது, வெட்கம் மறுபக்கம் தள்ளியது. வசனம் இல்லாத ஆளிடம் வசனம் மாறியதைச் சொல்லி என்ன ஆகப்போகிறது என்று மூன்றாவதாக ஒரு நியாயம் வந்து கை கொடுத்தது.

“பவுடர் கொஞ்சம் கம்மியாப் போடுங்கக்கா. லைட்ல வெளுத்துத் தெரியுது” என்றாள். திரும்பிப் போய்விட்டாள்.

*

விளக்குகள் எரிந்தன. அட்டை வீடு வீடாயிற்று.

நாடகம் நன்றாகவே போயிற்று. மீசைக்காரர் அன்று என்ன சாப்பிட்டு வந்தாரோ, ஒரு வசனம் தடுக்கவில்லை. கேமராவுக்குக் கீழே தாளோடு குந்தியிருந்த மகளுக்கு எடுத்துக் கொடுக்க ஒன்றுமே இல்லை. அப்பா தன் இரண்டு வரியைச் சொல்லிவிட்டுக் கதவோரம் போய் நின்றார்.

கடைசிக் காட்சி வந்தது. மகன் பெட்டியை எடுத்தான். வாசலில் நின்று திரும்பிப் பார்த்தான்.

மீசைக்காரர் பேசவில்லை. இரண்டாவது கேமரா சத்தமில்லாமல் அவரை நோக்கி நகர்ந்தது. தளத்தில் மூச்சு விடுகிற சத்தம்கூட இல்லை. மகள் அண்ணாந்து பார்த்தாள். அந்த மனிதர் நடிக்கவில்லை. யாரையோ நினைத்துக்கொண்டுவிட்டார். நிஜமாகவே கண் நிரம்பி வழிந்தது. கன்னத்தில் இறங்கியதைத் துடைக்க அவர் கை மெல்ல முகத்துக்குப் போனது.

மீசை வரைக்கும் போனது.

மகள் கதவோரம் பார்த்தாள். அப்பாவின் கண்ணில் அந்த விழிப்பு வந்துவிட்டது. என்ன நடக்கப் போகிறது என்று அந்த நொடியே அவளுக்கு விளங்கிவிட்டது. வேண்டாம் என்று கையை ஆட்டினாள். அப்பா அவளைப் பார்க்கவில்லை. அவருக்கு மீசை மேல் கை மட்டும்தான் தெரிந்தது. ஓர் அடி முன்னால் வந்தார்.

“அண்ணே, நீங்க என்ன சொல்ல வர்றீங்கன்னு எனக்குப் புரியுது. போ, இந்த வாசலை இனி மிதிக்காதேன்னு சொல்றீங்க.”

எழுத்துப் பிசகாமல் சொன்னார். தெளிவாகச் சொன்னார். பேசியது யார் என்று தேடி முதல் கேமரா அவர் பக்கம் வெடுக்கென்று திரும்பியது. திரும்பிய வேகத்தில் அட்டைச் சுவருக்குப் பின்னால் தேநீர்க் கோப்பையோடு நின்ற விளக்குக்காரரையும் சேர்த்துக் காட்டியது. மீசைக்காரர் பக்கத்து வீட்டுக்காரரைத் திரும்பிப் பார்த்தார். மகன் போய்விட்டான். நாடகம் முடிந்தது.

அப்பா அவரைப் பார்த்து லேசாகத் தலையசைத்தார். பரவாயில்லைண்ணே, சமாளிச்சாச்சு என்று அதற்கு அர்த்தம். மகளுக்கு அதைப் பார்க்க முடியவில்லை. குந்தியிருந்த இடத்திலேயே தாளால் முகத்தை மூடிக்கொண்டாள்.

*

மீசைக்காரர் கோபப்பட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் துண்டால் பவுடரைத் துடைத்துக்கொண்டே அப்பாவிடம் வந்தார்.

“இத்தனை வருஷமா மறந்துதான்யா நின்னேன். இன்னிக்குத்தான் மறக்காம நின்னேன்.”

அவ்வளவுதான் சொன்னார். போய்விட்டார்.

அப்பாவுக்கு ஒன்றும் புரியவில்லை. “என்ன சொல்றாரு?” என்று விளக்குக்காரரைக் கேட்டார். விளக்குக்காரர் ஏணியை மடக்கிக்கொண்டே, “பேசக் கூடாதுன்னுதானே ஏற்பாடு. நுணலும் தன் வாயால் கெடும்னு சும்மாவா சொன்னாங்க” என்றார். அவர் கோப்பையோடு படத்தில் வந்த எரிச்சல் அவருக்கு.

மேலே கட்டுப்பாட்டு அறையிலிருந்து இரும்புப் படியில் தடதடவென்று டைரக்டர் இறங்கி வந்தார். கழுத்து நரம்பு புடைத்திருந்தது.

“ஏன் சார், அந்த இடத்துல பேச்சு கிடையாதுன்னு உங்ககிட்ட யாருமே சொல்லலையா?”

அப்பா வாயைத் திறப்பதற்குள் அவர் மகள் பக்கம் திரும்பினார்.

“நீ சொன்னியா இல்லையா?”

இல்லை சார் என்ற இரண்டே சொல். சொன்னால் வேலை போகும். அதுகூடப் பரவாயில்லை. ஏன் சொல்லவில்லை என்று அடுத்த கேள்வி வரும். சொந்த அப்பாவிடம் ஒரு வார்த்தை சொல்ல என்ன கேடு என்று கேட்பார். டைப்பிஸ்ட் அங்கேதான் நின்றாள். தளத்தில் இருந்த எல்லோரும் அங்கேதான் நின்றார்கள். அவள் நின்றாள், நின்றுகொண்டே இருந்தாள்.

அப்பா அவளைப் பார்த்தார். ஒப்பனை அறை வாசல் அவருக்கு ஞாபகம் வந்திருக்க வேண்டும்.

“சொல்லுச்சு சார்” என்றார். “மேக்கப் ரூமுக்கே வந்து சொல்லுச்சு. நான்தான் மறந்துட்டேன்.”

“மறந்துட்டீங்களா?”

“ஆமா சார். சுத்தமா மறந்து போச்சு.”

டைரக்டரின் கோபம் வடிந்தது. அந்த இடத்தில் இரக்கம் வந்து உட்கார்ந்தது. கோபமே தேவலை என்று மகளுக்குப் பட்டது. மற்றவர்கள் வேறு பக்கம் பார்த்தார்கள். பக்கத்து வீட்டுக்காரர் மறந்துவிட்டார் என்பது அந்தத் தளத்தில் யாரும் கேட்டறியாத செய்தி. பழுதான கேமராவைத் தள்ளி வைப்பதைப் போல இனி அவரையும் தள்ளி வைக்கலாம் என்று ஒவ்வொரு முகமும் அப்போதே முடிவு கட்டிவிட்டது.

“வயசுன்னா அப்படித்தான். யாருக்கும் வர்றதுதான்” என்றார் டைரக்டர். அப்பாவின் தோளில் கை வைத்தார். “அந்த அண்ணன் வேஷம் இருக்கு பாருங்க, அது வாரா வாரம் நிறையப் பேசணும். நேரடியாப் போறது. இனிமே துணிஞ்சு உங்க தலையில வைக்க எனக்கு மனசு வரலை. தப்பா நினைக்காதீங்க.”

“இல்ல சார். நீங்க சொல்றது நியாயம்தான்.”

“சின்னதா ஏதாவது வந்தா சொல்லி அனுப்பறேன்.”

“சரி சார்.”

டைரக்டர் போகப் போக நின்று மகளிடம் சொன்னார். “உன் மேல தப்பில்ல. அப்பான்னு பார்த்துத் தயங்குறே, அது எனக்குப் புரியுது. திங்கக்கிழமை வந்து என்னைப் பாரு. உன் வேலை விஷயமா ஃபைல் மேலே போகுது.”

இப்போது சொல்லிவிடலாம். இப்போதுகூட ஒன்றும் குடி முழுகிவிடவில்லை. அவள் வாயைத் திறந்தாள்.

“சரி சார்” என்றாள்.

*

நிலையத்து வாசலுக்கு அவர்கள் வருவதற்குள் செய்தி முந்திக்கொண்டு வந்துவிட்டது. “மறந்துட்டீங்களாமே சார்?” என்று காவல்காரர் துக்கம் விசாரித்தார். ஆமாம் என்றார் அப்பா. வருகிறேன் என்றும் சொன்னார், எப்போதும் சொல்வதுபோல.

பஸ்ஸில் ஒரே இருக்கையில் உட்கார்ந்தார்கள். காதோரத்து வெள்ளையை அப்பா துடைக்க மறந்திருந்தார். அல்லது துடைக்க மனமில்லை. இன்றைக்குப் பார்த்து அது நிஜமாகவே அவருடைய வயசைப்போல இருந்தது.

“ஏதாவது சாப்பிட்டியா?” என்று கேட்டார்.

அவளுக்கு அழுகை வந்தது. “ஏம்ப்பா அப்படிச் சொன்னீங்க?”

“எதை?”

“நான் சொன்னேன்னு.”

அப்பா ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். கடைகள் விளக்கேற்றிக்கொண்டிருந்தன.

“நீ பேசாம நின்னே. யாராவது ஏதாவது பேசணும்ல” என்றார்.

அதில் குத்தல் இல்லை. குத்தலாக இருந்திருந்தால் அவள் தாங்கியிருப்பாள். காலையில் தான் சொன்ன சொல்லை அவர் சரியென்று எடுத்துக்கொண்டுவிட்டார் என்று அவளுக்குப் புரிந்தது. நடிகர் இல்லை, எடுத்துக் கொடுக்கிற ஆள். அந்த வேலையையும் இன்று அவளுக்காகச் செய்து தீர்த்துவிட்டார். இனி அதுவும் இல்லை.

“அப்பா, நான் திங்கக்கிழமை போய் டைரக்டர்கிட்ட...”

“ஒண்ணும் வேண்டாம். ரெண்டு பேர் வேலையும் போறதுக்கு ஒருத்தர் வேலை போறது மேல். வீட்டுல நீ ஒண்ணும் பேசாதே. அம்மாகிட்ட நான் சொல்லிக்கிறேன்.”

*

கீழ் வீட்டுத் தையல்காரர் வாசலிலேயே பிடித்துக்கொண்டார். தெருவில் டெலிவிஷன் இருப்பது அவர் வீட்டில் மட்டும்தான். வாரா வாரம் கூடம் நிறையப் பாய் விரித்து எல்லோருக்கும் காட்டுவார்.

“கடைசியில வயிறு குலுங்கச் சிரிச்சோம் சார். அந்தக் கிழவர் உருகிக்கிட்டு நிக்கிறாரு, நீங்க பாட்டுக்கு நடுவுல பூந்து... அண்ணன் வேஷத்துலயும் இப்படிச் சிரிக்க வைக்கணும்.”

“பார்க்கலாம்” என்று அப்பா மாடிப்படி ஏறினார்.

அம்மா சிரிக்கவில்லை. அந்தக் கூடத்தில் அவளும்தான் உட்கார்ந்திருந்தாள். தட்டு வைத்தாள், தண்ணீர் வைத்தாள். அப்பா கை கழுவி வந்து உட்காரும் வரை ஒன்றும் கேட்கவில்லை.

“இன்னிக்கும் அவருக்கு மறந்து போச்சா?” என்றாள் பிறகு.

“இல்ல. அவர் சும்மா நிக்கணும்னு மத்தியானம் மாத்திட்டாங்க.”

“அப்போ நீங்க ஏன் பேசினீங்க?”

“மறந்துட்டேன்.” அப்பா சாதத்தைப் பிசைந்தார். “அந்த அண்ணன் வேஷத்தை வேற ஆளுக்குக் குடுக்கிறாங்க. விடு. எனக்கும் அது பெரிய சுமைதான்.”

அம்மா அடுப்பங்கரை வாசலிலேயே நின்றாள். அவள் முகம் சுருங்கியது வேஷத்துக்காக மட்டும் இல்லை.

“மத்தியானம் மாத்தினதை உங்ககிட்ட யார் வந்து சொன்னாங்க?”

“நம்ம பாப்பாதான். மேக்கப் போடறப்போ வந்து சொல்லுச்சு.”

“சொன்னதை நீங்க மறந்துட்டீங்க.”

“ஆமாங்கிறேனே.”

“முழு நாடகத்தையும் தலையில வச்சிருக்கிற மனுஷன். என் தங்கச்சி கல்யாணத்துல யார் யார் எந்த வரிசையில சாப்பிட்டாங்கன்னு இன்னிக்கும் சொல்வீங்க. பேசாதீங்கன்னு சொன்ன ஒரு சொல்லை மட்டும் மறந்துட்டீங்களா?”

அப்பா கவளத்தை வாயில் போட்டுக்கொண்டார். அம்மா மகள் பக்கம் திரும்பினாள். அவள் இன்னும் செருப்பைக் கழற்றாமல் வாசலிலேயே நின்றுகொண்டிருந்தாள். மடியில் கனம் இருந்தால் வழியில் பயம் என்பார்கள். அவளுக்கு வீட்டுக்குள் கால் வைக்கவே பயமாக இருந்தது.

“ஏண்டி, நீ அப்பாகிட்ட சொன்னியா?”

மகளின் உதடு அசைந்தது.

அப்பா கவளத்தை அவசரமாக விழுங்கினார். “அதான் சொல்லுச்சுங்கிறேனே, அவ வந்து...”

“நீங்க பேசாதீங்க” என்றாள் அம்மா. அவள் அவரைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. “நான் அவளைத்தான் கேட்டேன்.”

அப்பா வாயை மூடிக்கொண்டார். அம்மா காத்திருந்தாள்.